அண்ணன் முட்டி போட்ட பலகை

போன மாதம் ஒரு இமெயில் வந்தது. இருபத்தைந்து வருஷமாக நான் செய்த வேலைகளையெல்லாம் ஒரே கட்டடத்தில் வைத்துக் காட்டப் போகிறார்களாம். உயிரோடு இருக்கும்போதே முப்பதாம் நாள் பூசை வைக்கிறார்கள் என்று சிரித்துக்கொண்டே படித்தேன். கரிப்பென்சில் படங்கள், வீடியோக்கள், பிளாஸ்டிக் குடங்கள், மரக்கூண்டு என்று பட்டியல் போய்க்கொண்டே இருந்தது. கடைசியில் ஒரு விஷயம் கேட்டிருந்தார்கள். ஒலி வேலையில் வரும் குரல்களில் ஒன்றுக்கு மட்டும் மறுபடி சம்மதக் கையெழுத்து வேண்டும், பழைய ஃபாரத்தில் பெயர் கிறுக்கலாக இருக்கிறது, தமிழ் பேசுகிற ஆண், ஐம்பது வயது இருக்கலாம், அந்த மனிதரை உங்களால் கண்டுபிடிக்க முடியுமா?

கண்டுபிடிக்க முடியுமாவாம். அது என் அண்ணன். கூடப் பிறந்தவன். ஊருக்கு வெளியே சந்தாபுராவில் இருக்கிறான், நான் போன் பண்ணினால் இரண்டாவது மணியில் எடுப்பான்.

அவனிடம் கேட்க எட்டு வருஷமாக ஒரே ஒரு கேள்வியை வைத்துக்கொண்டு அலைகிறேன். கிறிஸ்துமஸுக்கு கேக் எடுத்துக்கொண்டு போவேன், கேட்காமல் திரும்புவேன். ஈஸ்டருக்குப் போவேன், அப்போதும் அதே கதைதான். அன்றைக்கு ஏன் நீ என்னிடம் சொல்லவில்லை என்பதுதான் கேள்வி. அவன் என்ன பதில் சொன்னாலும் என்னால் தாங்க முடியாது என்று தெரியும். கேட்காமல் இருந்து இருந்து நெஞ்சு புண்ணாகியும் போய்விட்டது.

நான் என்ன வேலை செய்கிறேன் என்று, நாங்கள் வளர்ந்த ஆஸ்டின் டவுனில் யாருக்கும் இதுநாள்வரை என்னால் சரியாகச் சொல்ல முடிந்ததில்லை. படம் வரைகிற பிள்ளை என்று ஆரம்பித்தேன். அப்புறம் வரைவதை விட்டுவிட்டு உடம்பை வைத்து வேலை செய்ய ஆரம்பித்தேன். அதை வீடியோ எடுத்தேன். வீடியோ அலுத்ததும் சத்தங்களைப் பதிவு செய்தேன், திரும்பவும் பென்சிலுக்கு வந்தேன். ஒன்றிலும் நிற்காதவள் என்று பத்திரிகையில் புகழ்ந்து எழுதினார்கள். வீட்டில் அம்மாவும் அதையேதான் சொன்னாள், ஆனால் அது புகழ்ச்சி இல்லை. பக்கத்து வீட்டில் கேட்டால் மட்டும் என் பெண் டிராயிங் டீச்சர் என்று சொல்லிச் சமாளித்துவிடுவாள்.

ஒரு தடவை நனைத்த சேலையைக் கட்டிக்கொண்டு, அது உடம்பிலேயே காய்கிறவரை ஒரு கூடத்தில் நின்றேன். ஜூலை மாதம், வெயிலே இல்லை, லேசில் காயவில்லை. மூன்று நாள் காய்ச்சல். அம்மா மிளகு ரசச் சாதம் பிசைந்து எடுத்துவந்து கட்டிலில் வைத்துவிட்டு, “உடம்ப வருத்திக்க தவக்காலம் நாப்பது நாள் பத்தாதாடீ உனக்கு?” என்றாள்.  சாதத்தைத் தின்றேன்.

இன்னொரு தடவை, தண்ணீர் லாரி வராத ஒரு தெருமுனையில் காலிக் குடத்தோடு போய் நின்றேன். அவ்வளவுதான் வேலை. எதிர் டீக்கடையிலிருந்து சிநேகிதி வீடியோ எடுத்தாள். அரைமணி நேரத்தில் எனக்குப் பின்னால் ஒரு அம்மாள் குடத்தோடு வந்து நின்றாள். அவளைப் பார்த்து இன்னொருத்தி. நெஞ்சைத் தொட்டுச் சொல்கிறேன், ஒருத்திகூட என்னை யார் என்று கேட்கவில்லை. வரிசை மசூதிவரை போய்விட்டது. டேங்கர் எப்போது வரும் என்று கன்னடத்திலும் தமிழிலும் கேட்டுக் கேட்டுப் பார்த்தார்கள். நான் வாயைத் திறக்கவில்லை. வேலை ஆரம்பித்துவிட்டால் முடிகிறவரை பேசுவதில்லை என்பது நானே எனக்குப் போட்டுக்கொண்ட சட்டம். லாரி வராது என்று தெரிந்ததும் அவர்கள் என்னைத் திட்டிய திட்டு இருக்கிறதே, அதை அப்படியே பதிவு செய்து ஒலி வேலையாகவும் பண்ணினேன். நல்ல பெயர் வந்தது. அம்மா காதுக்கு விஷயம் போனபோது மட்டும் அவள் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. தண்ணீர் வராத இடத்தில் ஜனங்களை நிற்க வைத்துவிட்டாயே, அவர்கள் வீட்டில் அடுப்பு என்ன ஆகியிருக்கும் என்பதுதான் அவளுடைய வருத்தம். எனக்கு அப்போது கோபம் வந்தது. கலையைப் பற்றி ஒன்றும் தெரியாமல் பேசாதே என்று கத்தினேன். எனக்குத் திமிர் எப்போதும் கொஞ்சம் ஜாஸ்தி.

அண்ணன் எனக்கு நேர் எதிர். என்னைவிட ஏழு வயது பெரியவன். பொம்மனஹள்ளியில் ஒரு ஃபாக்டரியில் ஃபிட்டர். வரிசை என்றால் அவனுக்கு வரிசைதான். ரேஷன் கடைக்காரர் தெரிந்தவர், முன்னால் வாங்க என்று கூப்பிட்டாலும் போக மாட்டான். யார் எந்த ஃபாரத்தை நீட்டினாலும் படிக்காமல் கையெழுத்துப் போடுவான். வாயில் விரலை வைத்தால்கூடக் கடிக்கத் தெரியாதவன் என்று அண்ணி தலையில் அடித்துக்கொள்வாள். என் வேலை ஒன்றைக்கூட அவன் பார்க்க வந்ததில்லை. “எனக்கு இதெல்லாம் புரியாது பாப்பா” என்று ஒதுங்கிவிடுவான். ஆனால் ஆணி அடிக்க, ஏணி கொண்டுவர, டெம்போ பிடிக்க அவன்தான். வேலை தொடங்குவதற்கு முந்தின நாள்வரை என்னோடு நின்றுவிட்டு, தொடங்குகிற அன்று ஷிஃப்டுக்குப் போய்விடுவான்.

மரக்கூண்டையும் அவன்தான் கொண்டுவந்தான். ஏதோ ஒரு பழைய மாதா கோயிலைப் புதுப்பிக்கும்போது, சாமியாரிடம் பாவங்களைச் சொல்லி மன்னிப்புக் கேட்கிற பாவசங்கீர்த்தனக் கூண்டை வெளியே போட்டுவிட்டார்கள். சிவாஜிநகரில் பழைய சாமான் கடையில் மழையில் நனைந்துகொண்டு கிடந்தது. நடுவில் சாமியார் உட்காரும் இடம், பக்கத்தில் ஓட்டை போட்ட தகடு, தகட்டுக்கு அந்தப் பக்கம் முட்டி போடுகிற பலகை. பலகை உளுத்துப்போயிருந்தது. அண்ணன் புதுப் பலகை அறுத்து, போல்ட் போட்டு, கிரீச் என்று சத்தம் வராமல் ரப்பர் வைத்துக் கொடுத்தான். வயதானவர்கள் வந்தால் வலிக்கக் கூடாது என்று மேலே ரெக்ஸின் தைத்தான். தானே ஒரு தடவை முட்டி போட்டுப் பார்த்துவிட்டு, போதும், நன்றாக இருக்கிறது என்றான்.

எங்கள் கத்தோலிக்க ஆட்களுக்கு இந்தப் பாவசங்கீர்த்தனம், புதுநன்மை என்கிற முதல் நற்கருணை வாங்குவதற்கு முன்பே, ஏழெட்டு வயதில் பழக்கிவிடுகிற விஷயம். முட்டி போட வேண்டும், சிலுவை போட வேண்டும், போன தடவை பண்ணி எத்தனை மாதம் ஆனது என்று சொல்ல வேண்டும். அப்புறம் பாவங்கள், ஒவ்வொன்றாக. கதை அளக்கக் கூடாது. எப்போது, எதனால், யார் மேல் தப்பு என்றெல்லாம் இழுத்தால் உபதேசம் சொல்லிக்கொடுக்கிற சிஸ்டர் குட்டுவார். பாவத்தை மட்டும் சொல், நிறுத்து. முடிந்ததும் சாமியார், “வேற ஏதாவது இருக்கா?” என்று கேட்பார். இல்லை என்று சொன்னால் மூன்று ‘அருள் நிறைந்த மரியே’ ஜெபம் சொல்லச் சொல்லி அபராதம் கொடுத்து, பாவமன்னிப்புக் கொடுத்து அனுப்புவார். நான் கோயிலுக்குப் போவதை நிறுத்தி வருஷக்கணக்கு ஆகிறது. ஆனாலும் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டால் வரிசை தப்பாமல் சொல்வேன்.

என் வேலை இதுதான். சாமியார் உட்காரும் பக்கம் நான் உட்காருவேன். வருகிறவர்கள் முட்டி போட்டு எதை வேண்டுமானாலும் சொல்லலாம். நான் பதில் பேச மாட்டேன். அவர்கள் பேசப் பேச மடியில் இருக்கிற நீளத் துணியில் கரிப்பென்சிலால் கோடு போட்டுக்கொண்டே இருப்பேன். தகட்டுக்குப் பக்கத்தில் ஒரு சின்ன மைக். ஒரு பழைய பங்களாவில் பதினோரு நாள், காலை பத்திலிருந்து சாயங்காலம் ஆறுவரை. என் போனை அணைத்து வெளியே மேசை டிராயரில் வைத்துப் பூட்டிவிடுவார்கள்.

அம்மாவுக்கு இது சுத்தமாகப் பிடிக்கவில்லை. சாமி குத்தம், தெய்வநிந்தை என்று ஏதாவது சொல்வாள் என்று பார்த்தேன். அவள் சொன்னது வேறு. “அங்க உக்காந்தா வாயத் தொறந்து ஒரு வார்த்த சொல்லணும்டீ. சும்மா கேட்டுக்கிட்டு உக்கார்றதுக்கா மனுஷன் முட்டி போடறான்?” நான் அதையும் நோட்டில் எழுதிக்கொண்டேன். எங்கேயாவது உபயோகப்படும் என்று.

ஒன்பதாம் நாள் காலை பத்து மணிக்கு அம்மா அடுப்படியில் விழுந்தாள். ஒரு பக்கம் இழுத்துக்கொண்டது. அண்ணனும் அண்ணியும் ஆட்டோவில் போட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். நினைவு இருந்தது. நாக்குக் குழறினாலும் பேச்சு இருந்தது. பாப்பா எங்கே, பாப்பா எங்கே என்று என்னைத்தான் கேட்டிருக்கிறாள். சாயங்காலம்வரை தாங்குமா என்று டாக்டர் கையை விரித்துவிட்டார். அண்ணன் என் போனுக்கு அடித்து அடித்துப் பார்த்துவிட்டு, அண்ணியை அங்கே விட்டுவிட்டுத் தானே புறப்பட்டு வந்தான். இதெல்லாம் எனக்கு அப்புறம் தெரிந்தது. பதினொன்றரைக்கு அவன் அந்தப் பழைய பங்களா வாசலில் வந்து நின்றபோது நான் கூண்டுக்குள் யாரோ ஒரு பெண் தன் மாமியாரைப் பற்றிச் சொல்வதைக் கோடு போட்டுக்கொண்டிருந்தேன்.

மேசையில் உட்கார்ந்திருந்த பெண்ணிடம், உள்ளே இருப்பது என் தங்கச்சி, அவசரமாகப் பேச வேண்டும் என்று கன்னடத்தில் சொல்லியிருக்கிறான். அந்தப் பெண், பாவம், அதற்கு முந்தின எட்டு நாளில் இந்த மாதிரி எத்தனையோ கேட்டவள். உள்ளே இருப்பது என் அக்கா மாதிரி, என் அம்மா மாதிரி என்று அழுதுகொண்டு வருகிறவர்களைப் பார்த்தவள். எல்லாரும் அவர்களோடு பேசத்தான் சார் வந்திருக்கிறார்கள், உள்ளே போய் என்ன வேண்டுமானாலும் சொல்லலாம் என்று ஃபாரத்தையும் டோக்கனையும் நீட்டினாள். வேறு எவனாவது என்றால் மேசையைத் தட்டியிருப்பான், கதவைத் தள்ளிக்கொண்டு வந்திருப்பான். என் அண்ணன் ஃபாரத்தில் கையெழுத்துப் போட்டான். டோக்கனை வாங்கிக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்தான். அவனுக்கு முன்னால் ஒன்பது பேர்.

அவன் முட்டி போட்டதுமே எனக்குத் தெரிந்துவிட்டது. மெஷின் ஆயில் வாசனை, தொண்டையைச் செருமுகிற விதம். தகட்டு ஓட்டை வழியாக அவன் காது தெரிந்தது. எனக்கு வந்த சந்தோஷத்தை என்ன சொல்ல. இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக என் அண்ணன் என் வேலையைப் பார்க்க வந்திருக்கிறான். அதுவும் லீவு போட்டுவிட்டு, வரிசையில் நின்று. எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

அவன் சிலுவை போட்டான். “சாமி, என்னை ஆசீர்வதியுங்க. பாவசங்கீர்த்தனம் பண்ணி நாலு மாசம் ஆகுது” என்றான். ரெண்டு ஞாயிறு பூசைக்குப் போகல. வீட்டுக்காரிகிட்ட கோவமா பேசினேன். அம்மாகிட்ட பொய் சொன்னேன். தங்கச்சிய மனசுக்குள்ள திட்டினேன். நாலே பாவம். நாலு கோடு போட்டேன். தங்கச்சியைத் திட்டினேன் என்றதும் எனக்குச் சிரிப்பு வந்தது, உதட்டைக் கடித்துக்கொண்டேன். அதற்கப்புறம் அவன் ஒன்றும் சொல்லவில்லை. எழுந்திருக்கவும் இல்லை. கையைக் கூப்பிக்கொண்டு, தலையைத் தகட்டுப் பக்கம் சாய்த்துக்கொண்டு அப்படியே இருந்தான். மூச்சு பெரிதாக வந்தது. அழுகிறான் என்று புரிந்தது. பேசாமல் இருக்கிற அண்ணனை நான் வரைந்துகொண்டே இருந்தேன். நாலு நிமிஷம். துணியில் ஒரு முழம் நீளத்துக்கு ஒரே கோடு, எடுக்காமல் போட்டது. என் வேலை என் அண்ணன் மனசைத் தொட்டுவிட்டது என்று நினைத்தேன். நினைத்தேன் என்ன, பூரித்தேன்.

அப்புறம் அவன் “சரி” என்றான், யாரிடமோ சொல்வது மாதிரி. எழுந்தான். பழக்கத்தில் பலகையைக் கையால் தடவிப் பார்த்துவிட்டுப் போனான்.

ஆறு மணிக்கு வெளியே வந்து போனைப் போட்டால் திரை முழுக்க அவன் பெயர். ஆட்டோவில் போகும்போது அண்ணி எடுத்து, “இனிமே மெதுவாவே வா” என்றாள். அம்மா நாலு மணிக்கே போய்விட்டாள். பங்குச் சாமியார் வந்து, சாகக் கிடக்கிறவர்களுக்குப் பூசுகிற அவஸ்தைத் தைலம் பூசினாராம், அவரிடமும் பாப்பா வந்தாளா என்றுதான் கேட்டாளாம். நான் வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது தாடையைச் சுற்றித் துணி கட்டியிருந்தார்கள். என் கையெல்லாம் கரி. அந்தக் கையோடு அவள் முகத்தைத் தொட்டுவிட்டேன், கன்னத்தில் கறுப்பாக ஒட்டிக்கொண்டது. அண்ணிதான் முந்தானையை நனைத்துத் துடைத்தாள்.

துடைத்துக்கொண்டே சொந்தக்காரர்கள் அத்தனை பேருக்கும் முன்னால் கேட்டாள், “அவரு நேர்ல வந்து சொல்லியுமா நீ எழுந்து வரல?”

நான் அண்ணனைப் பார்த்தேன். அவன் தரையைப் பார்த்தான். அவன் சொல்லவே இல்லையே என்பது வாய்வரைக்கும் வந்தது, விழுங்கினேன். சொன்னால் தப்பு அவன் தலையில் விழும். அம்மா கிடக்கிற வீட்டில் அவன் தலையைக் குனிய வைக்க எனக்கு மனசு வரவில்லை. அதுவும் இல்லாமல், அவன் வந்தது நிஜம். அம்மாவைப் பற்றி அவன் ஒரு வார்த்தை சொன்னதும் நிஜம். அம்மாவிடம் பொய் சொன்னேன் என்று. அது என்ன பொய் என்று எனக்குக் கேட்கத் தோன்றவில்லை. தோன்றியிருந்தாலும் என் சட்டம் என்னைக் கேட்க விட்டிருக்காது.

அன்றிலிருந்து எங்கள் குடும்பத்தில் நான் யார் என்றால், தாய் சாகக் கிடக்கிறாள் என்று வந்து சொன்னபோதும் உட்கார்ந்து படம் போட்டவள். ஊர் வாயை மூட உலைமூடி உண்டா. அண்ணி என்னிடம் பேச்சை நிறுத்தினாள். அண்ணன் வழக்கம்போல இருந்தான், அதைத்தான் என்னால் சகிக்க முடியவில்லை. ஒரு வார்த்தை திட்டியிருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும். அடுத்த வருஷம் ஆஸ்டின் டவுன் வீட்டைக் காலி செய்துவிட்டு அவர்கள் சந்தாபுராவுக்குப் போய்விட்டார்கள்.

மீதி இரண்டு நாள் வேலையை நான் செய்யவில்லை. பதிவான குரல்களை என்ன செய்வது என்று சவுண்ட் பார்க்கிற சிநேகிதன் கேட்டான். என்ன வேண்டுமானாலும் பண்ணிக்கொள், என் காதில் போடாதே என்றேன். அவன் எல்லாக் குரல்களையும் கோத்து ஒரு மணி நேர வேலையாக்கினான். அதை நான் முதலில் கேட்டது வெளிநாட்டில், திறப்பு அன்று. இருட்டுக் கூடம், சுற்றிலும் ஸ்பீக்கர்கள், கண்ணை மூடிக்கொண்டு தரையில் உட்கார்ந்திருக்கிற வெள்ளைக்காரர்கள். எல்லாக் குரலும் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறி இரைச்சலாகி, சட்டென்று அடங்கி, நடுவில் தனியாக ஒரே குரல். சாமி, என்னை ஆசீர்வதியுங்க. அதற்கப்புறம் நாலு நிமிஷ மௌனம், ஒன்றையும் வெட்டாமல். 

நிறுத்து என்று சொல்லியிருக்கலாம். அன்று சொல்லியிருக்கலாம், மறுநாள் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. என் பெயரைச் சொன்னால் ஜனங்களுக்கு ஞாபகம் வருவது அந்த நாலு நிமிஷம்தான். அதை வைத்துத்தான் எனக்கு ஊர் ஊராக அழைப்பு வந்தது. அண்ணன் என்னை எதிர்பார்த்துக் காத்திருந்த நேரத்தைத் தூக்கிக்கொண்டு நான் எட்டு வருஷம் ஊர் சுற்றியிருக்கிறேன். அது எதற்கான மௌனம் என்று எனக்கே தெரியாது.

போன ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து அவர்கள் வீட்டுக்கு வந்திருக்கும் நேரம் பார்த்து சந்தாபுராவுக்கு பஸ்ஸில் போனேன். அண்ணன் ரிட்டயர் ஆகிவிட்டான். பெர்முடாவோடு உட்கார்ந்து பழைய மிக்ஸி ஒன்றைக் கழற்றிப் போட்டிருந்தான். அண்ணி காபியைக் கொண்டுவந்து என் முன்னால் வைத்துவிட்டு, எனக்குச் சொல்வதை அவனைப் பார்த்துச் சொன்னாள், சர்க்கரை போட்டிருக்கிறது என்று. அப்புறம் அடுப்படிக்குப் போய்விட்டாள்.

காகிதத்தை எடுத்து நீட்டினேன். கையைத் துடைத்துக்கொண்டு, பேனா எங்கே என்று தேடிக் கையெழுத்துப் போட்டுவிட்டான். எனக்கு உச்சந்தலைவரை கோபம் ஏறியது. படித்துப் பார்க்க மாட்டாயா, யார் எதை நீட்டினாலும் போட்டுவிடுவாயா என்று கத்தினேன். உன் வேலைக்குத்தானே பாப்பா என்றான். முதலில் கேள், கேட்டுவிட்டு அப்புறம் வேண்டுமானால் கிழித்துப் போடு என்று ஹெட்போனை அவன் காதில் மாட்டினேன். ஃபாக்டரியில் காது மந்தமாகிவிட்டது அவனுக்கு. இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடினான்.

உதடு அசைந்ததிலிருந்து எங்கே வந்திருக்கிறான் என்று எனக்குத் தெரிந்தது. நாலு பாவத்தையும் கூடவே சொன்னான். அப்புறம் உதடு நின்றது. நான் சுவரில் இருந்த கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பாதியில் அவன் கண்ணைத் திறந்து, பென்சில் சத்தம் கேட்கிறது என்றான். ஆமாம் என்றேன். அன்றைக்கும் கேட்டதாம். நான் பேச மாட்டேன் என்று வெளியே போர்டில் போட்டிருந்ததால், அவனுக்கு நான் ஏதோ எழுதித் தரப்போகிறேன் என்று நினைத்தானாம். எழுதி முடிக்கட்டும் என்றுதான் எழுந்திருக்காமல் இருந்தானாம்.

எட்டு வருஷக் கேள்வி அப்போது தானாக வெளியே வந்தது. “ஏண்ணா அன்னைக்கு அம்மா விஷயத்த சொல்லல?”

அவன் ஹெட்போனைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டான். மெதுவாகத்தான் சொன்னான். பெஞ்சில் உட்கார்ந்திருந்த நேரமெல்லாம் என்ன சொல்ல வேண்டும் என்று மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டேதான் இருந்தானாம். உள்ளே வந்து முட்டி போட்டதும், அந்த இருட்டையும் தகட்டையும் பார்த்ததும், வாய் தானாகப் பாவசங்கீர்த்தனத்தை ஆரம்பித்துவிட்டதாம். ஆரம்பித்ததைப் பாதியில் நிறுத்தக் கூடாதே. பாவத்தை முடித்துவிட்டு அம்மா விஷயத்தைச் சொல்லலாம் என்று இருந்தானாம். அம்மாவிடம் சொன்ன பொய், பாப்பா கிளம்பிவிட்டாள், வந்துகொண்டே இருக்கிறாள் என்பது. அன்று காலை சொன்ன பொய்.

“சாமியார் கேப்பாரில்ல பாப்பா, வேற ஏதாவது இருக்கான்னு. நீ கேப்பேன்னு இருந்தேன்.”

வெளியே வந்த பிறகுதான் இன்னும் சொல்லவே இல்லை என்று அவனுக்கு உறைத்திருக்கிறது. திரும்பப் போனால் மறுபடி டோக்கன் எடுக்கச் சொன்னார்களாம். பெஞ்சில் ஆட்கள் இருந்தார்கள். நேரம் ஆகிறது, அம்மாவைப் பார்க்க வேண்டும் என்று ஓடிவிட்டான். ஆஸ்பத்திரியில் அண்ணி, சொன்னீங்களா என்று கேட்டதற்கு, இல்லை என்று சொல்ல நாக்கு எழாமல், சொன்னேன் என்றுவிட்டானாம்.

அடுப்படி வாசலில் அண்ணி நின்றுகொண்டிருந்தாள். எவ்வளவு நேரமாக என்று தெரியாது. “சொன்னேன்னீங்களே” என்றாள், சத்தமே இல்லாமல். அவன் மிக்ஸியின் ஒரு ஸ்க்ரூவை எடுத்து விரலில் உருட்டிக்கொண்டிருந்தான். அவள் என்னைப் பார்த்தாள். எட்டு வருஷத்தில் முதல் தடவையாக நேராகப் பார்த்தாள். என்னால் அந்தப் பார்வையை வாங்கிக்கொள்ள முடியவில்லை. என்மேல் தப்பில்லை என்று ஆகிவிட்டால் நன்றாக இருக்கும் என்று எவ்வளவோ நாள் ஆசைப்பட்டிருக்கிறேன். அப்படி ஒன்றும் ஆகவில்லை. ஒரே ஒரு கேள்வி, எங்கள் வீட்டில் ஏழு வயதுப் பிள்ளைக்குத் தெரிந்த கேள்வி, அதை நான் கேட்கவில்லை.

 மடியில் கிடந்த ஹெட்போனில் பென்சில் சத்தம் லேசாக வந்துகொண்டே இருந்தது. அதை எப்படி நிறுத்துவது என்று அண்ணனுக்குத் தெரியவில்லை, எனக்குக் கை வரவில்லை.

“இப்ப கேளேன்” என்றான்.

என்ன என்றேன். அதான், சாமியார் கேட்கிறது என்றான். விளையாடுகிறானா என்று முகத்தைப் பார்த்தேன். அவன் என்னைப் பார்க்கவில்லை. தலையைக் குனிந்து, காதை மட்டும் என் பக்கம் சாய்த்து வைத்துக்கொண்டிருந்தான். நான் ஓட்டை வழியாகப் பார்த்த அதே காது.  இருபத்தைந்து வருஷமாகப் பேசாமல் இருப்பதற்குப் பேர் வாங்கினவள் நான். ஒருவழியாகக் கேட்டேன்.

“வேற ஏதாவது இருக்கா?”

“அம்மா ஆஸ்பத்திரியில இருக்காங்க பாப்பா” என்றான். “உன்னத்தான் கேட்டுக்கிட்டே இருக்காங்க. சீக்கிரம் வா.”

நான் எழுந்துவிட்டேன். பையைக்கூட எடுக்காமல் வாசலுக்குப் போய்ச் செருப்பைத் தேடினேன்.